இழுப்பறையில் இருக்கும் உன் கையெழுத்து

ரத்தினம்,

நீ கையெழுத்துப் போட்டுக் கொடுத்த தாள் இன்னும் உங்கள் கம்பெனி சுபேதாரின் மேசை இழுப்பறையில்தான் இருக்கிறது. நாளை திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு அது பட்டாலியன் ஆபீசுக்குப் போகும். போய்விட்டால் முத்திரை விழும், உன் சர்வீஸ் பதிவேட்டில் ஏறும், அதன் பிறகு நீயோ நானோ எவராலும் அதை அழிக்க முடியாது. பத்து மணிக்கு முன்னால் நீ அவர் எதிரில் போய் நின்று, தாளைத் திருப்பிக் கொடுங்கள் என்று கேட்டால் கொடுத்துவிடுவார். நீதான் கேட்க வேண்டும். நான் கேட்டுப் பார்த்தேன். என்னிடம் முடியாது என்று சொல்லிவிட்டார்.

சித்தூரில் உட்கார்ந்திருக்கிற அப்பன் எனக்கு உன் சுபேதாரின் இழுப்பறையில் இருப்பது எப்படித் தெரியும் என்று நினைப்பாய். சொல்கிறேன். அதைச் சொல்வதற்கு நான் சில பொய்களை ஒத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. புதன்கிழமையிலிருந்து நீ என் போனை எடுக்கவில்லை. அதுவும் நல்லதுதான். எடுத்திருந்தால் நான் மறுபடியும் கத்தியிருப்பேன், இந்த விஷயம் வெளியே வந்திருக்காது. அதனால் எழுதுகிறேன். ஒவ்வொரு பக்கமாகப் படம் பிடித்து உன் சுபேதாரின் போனுக்கு அனுப்பப்போகிறேன். அவர் ஆந்திர எல்லையில் இருக்கிற தடாக்காரராம், தமிழை எழுத்துக் கூட்டிப் படிப்பாராம். அவரே முதலில் படிக்கட்டும். உன் பாரக்கில் தபால் வழியில் டிகிரி படிக்கிற பிள்ளைகள் இன்னும் நாலைந்து பேர் இருக்கிறார்கள் என்று சொன்னாயே, அவர்களும் படிக்கட்டும். மூடி வைத்துப் பார்த்தாகிவிட்டது. பதினெட்டு வருஷம் மூடி வைத்தேன்.

புதன்கிழமை நீ போன் செய்தபோது உன் குரலில் ஒரு சந்தோஷம் இருந்தது. அதை நான் கவனித்தேன், கவனித்துத்தான் கெடுத்தேன். "நைனா, நாயக் கேடர்ல என் பேரு வந்துட்டுது" என்றாய். கேடர் என்றால் என்ன என்று தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன்: பட்டாளத்தில் ஒரு படி மேலே ஏறுவதற்கான பயிற்சியும் தேர்வும் அது. டிரில், ஆயுதம், வரைபடம் பார்த்து வழி கண்டுபிடிப்பது, பத்துப் பேரை நடத்துவது. அதில் தேறாமல் சிப்பாய் நாயக் ஆக முடியாது, நாயக் ஹவில்தார் ஆக முடியாது. சிப்பாயாகவே நின்றுவிட்டால் நாற்பது வயசு தாண்டும் முன்னே பெட்டியைக் கட்டிக்கொண்டு வீட்டுக்கு வர வேண்டியதுதான். பெயர் வந்தும் போக விருப்பமில்லை என்றால், விருப்பமில்லை என்று உன் கையால் எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தர வேண்டும். அன்வில்லிங் சர்டிபிகேட் என்பார்கள். அரைப் பக்கம்கூட இருக்காது.

"ஆனா ஒரு தொந்தரவு நைனா. டிகிரி கடைசி வருஷப் பரீட்சையும் அதே வாரத்துலதான் வருது. இன்னா பண்றது?" என்று கேட்டாய். என்னிடம் கேட்டாய். முடிவு எடுத்துவிட்டு எனக்குச் சொல்லியிருக்கலாம். நீ கேட்டாய். நான் சொன்ன பதில் உனக்கு ஞாபகம் இருக்கும், இருந்தாலும் மற்றவர்கள் படிப்பதற்காக அதையும் எழுதுகிறேன். "இதுதான் கடைசி சான்ஸ். இந்தத் தடவ எழுதலன்னா ரிஜிஸ்ட்ரேஷன் போச்சு, மொதல் வருஷத்திலேந்து ஆரம்பிக்கணும். திருப்பதி சென்டர்ல நானே போய் விசாரிச்சுட்டு வந்தேன். லீவு போட்டு வந்து எழுது." பிறகு, "கேடர விட்டா அடுத்து எப்ப வருமோ தெரியாது நைனா, எனக்குக் கீழ இருக்கிறவன்லாம் மேல போய்டுவான்" என்றாய். அதற்கு நான், "பரீட்சைய வுட்டுட்டு கேடருக்குப் போனா என் மொகத்துல முழிக்காத" என்றேன். "சரி நைனா. அன்வில்லிங் எழுதிக் குடுத்துடறேன்" என்று வைத்துவிட்டாய்.

ரத்தினம், இது கடைசி சான்ஸ் கிடையாது. நான் திருப்பதி சென்டருக்குப் போனது உண்மை. நீ போன் செய்வதற்கு இரண்டு நாள் முன்னால், திங்கட்கிழமை போய் உன் ஹால் டிக்கெட்டை வாங்கினேன். அங்கே இருந்த அம்மாவிடம் பையன் மிலிட்டரியில் இருக்கிறான், லீவு கிடைக்குமோ என்னவோ என்று சொன்னேன். அவர் தலையை நிமிர்த்தாமலே சொன்னார்: "இப்ப முடியலன்னா அடுத்த செஷன்ல எழுதட்டும் சார். இன்னும் ரெண்டு வருஷம் டைம் இருக்குது. மிலிட்டரி பசங்க பாதிப் பேரு அப்படித்தான் எழுதறாங்க." இரண்டு காதாலும் கேட்டேன். கேட்டுக்கொண்டு பஸ் ஏறி வீட்டுக்கு வந்தேன். உன் அம்மாவிடம்கூடச் சொல்லவில்லை. புதன்கிழமை உன்னிடம் அதை மாற்றிச் சொன்னேன். நீ கேடர் என்ற வார்த்தையைச் சொன்ன அந்த நிமிஷத்தில் அந்தப் பொய் தானாக வாயில் வந்தது. யோசித்துக் கட்டிய பொய் என்றால்கூட எனக்கு இவ்வளவு பயமாக இருந்திருக்காது.

ஏன் சொன்னேன் என்பதற்கு நான் பட்டாளத்தில் இருந்த காலத்துக்குப் போக வேண்டும். அந்தக் கதை உனக்குத் தெரியும் என்று நினைத்துக்கொண்டிருக்கிறாய். உனக்குத் தெரிந்தது நான் சொன்ன கதை. பி.ஏ. படித்தவன் சிப்பாயாகச் சேர்ந்தான், உழைத்து ஹவில்தார் ஆனான், நாயிப் சுபேதார் ஆகும் நேரத்தில் பத்தாவது படித்த கங்காதரம் என்ற ஒருவன் மேலே இருப்பவர்களின் காதில் ஏதோ ஓதி அவன் பெயரை அடித்துவிட்டுத் தன் பெயரைப் போட்டுக்கொண்டான். கல்யாண வீடு, காரிய வீடு, பாங்கில் என்னோடு வேலை செய்கிறவர்கள் எல்லாரிடமும் இதைச் சொல்லியிருக்கிறேன். நகரியில் உன் மாமா மகள் கல்யாணத்தில் பந்தியில் உட்கார்ந்துகொண்டு சொன்னதற்கு நீயே, "நைனா, சோறு ஆறுது, துன்னு" என்று அடக்கினாய்.

நடந்ததைச் சொல்கிறேன். சித்தூர் மைதானத்தில் ஆள் எடுத்தபோது என் சர்டிபிகேட்டைப் பார்த்த ஹவில்தார், "பி.ஏ.வா? ஓடு, பார்க்கலாம்" என்று சிரித்தார். அந்தச் சிரிப்பு என் மனதில் தங்கிவிட்டது. பாரக்கில் எனக்கு வைத்த பெயர் பி.ஏ. சாப். எல்லாருக்கும் லீவு அப்ளிகேஷன் எழுதித் தருவேன். அவர்கள் டீ வாங்கித் தருவார்கள். பின்னால் கிண்டல் செய்வார்கள். நானும் அவர்களை மனிதராக மதித்ததில்லை. அது உண்மை. டிரில்லில் பிழை செய்தால், இதெல்லாம் படிக்காதவன் வேலை என்று நினைத்துக்கொள்வேன். வரைபடத் தேர்வில் கங்காதரம் என்னைவிட நன்றாகச் செய்வான். அவனுக்கு இங்கிலீஷில் பதில் எழுத வராது. என்னிடம் வந்து, "அண்ணா, இந்த நாலு வார்த்தைக்கு ஸ்பெல்லிங் சொல்லு" என்று கேட்பான். நான் தப்பாகச் சொல்லிக் கொடுத்ததில்லை. ஆனால் சொல்லிக் கொடுக்கும்போது அவன் முகம் சுருங்குகிற மாதிரி ஏதாவது ஒன்று சேர்த்துச் சொல்லாமல் விட்டதும் இல்லை.

நாயிப் சுபேதார் கேடருக்கு எங்கள் இருவர் பெயரும் ஒன்றாக வந்தது. நாயிப் சுபேதார் என்றால் என்னவென்று உனக்குத் தெரியும். தோளில் நட்சத்திரம் ஏறும், தனி மெஸ், ஹவில்தார் வரைக்கும் எல்லாரும் சாப் என்று கூப்பிடுவார்கள். அதே சமயத்தில் என் எம்.ஏ. கடைசிப் பரீட்சை திருப்பதியில் வந்தது. உனக்கு இப்போது வந்திருப்பது போலவே, அதே மாதிரி. நான் ஒரு கணக்குப் போட்டேன். எங்கள் கமாண்டிங் ஆபீசர் ஒருமுறை எல்லார் எதிரிலும், 'இந்த மாதிரிப் படித்த ஹவில்தார்கள்தான் நமக்கு வேண்டும்' என்று சொல்லியிருந்தார். அந்த ஒரு வாக்கியத்தை நம்பினேன். எம்.ஏ. முடித்துவிட்டு வந்தால் எனக்காக ஒரு இடத்தை நிறுத்தி வைத்திருப்பார்கள், எம்.ஏ. படித்தவனை விட்டுவிட்டு வேறு யாரைப் போடுவார்கள் என்று நினைத்தேன். பட்டாளத்தில் யாருக்காகவும் இடம் நிற்காது என்பது பதினைந்து வருஷ சர்வீஸுக்குப் பிறகும் எனக்குத் தெரியவில்லை. அங்கே எழுதப் படிக்கத் தெரியாத சமையல்காரனுக்குக்கூடத் தெரியும்.

அன்வில்லிங் எழுதினேன். யாரும் எழுதச் சொல்லவில்லை, யாரும் என் பெயரை அடிக்கவில்லை. நானே எழுதினேன். அதைக் கொண்டுபோய் ஆபீசில் கொடுக்கும்போது கங்காதரம் அங்கே ஏதோ வேலையாக நின்றுகொண்டிருந்தான். என் கையிலிருந்து வாங்கிப் படித்தான். இங்கிலீஷைத் தட்டுத் தடுமாறிப் படித்தான். படித்துவிட்டு இரண்டாகக் கிழித்தான். "அண்ணா, பரீட்ச வருஷா வருஷம் வரும். கேடர் வராது. பைத்தியமா உனக்கு?" என்றான். நான் சொன்னேன்: "பத்தாவது படிச்சவனுக்கு எம்.ஏ.வோட அருமை எங்க தெரியும்?" நான் இன்னொரு தாள் எடுத்து அவன் எதிரிலேயே மறுபடியும் எழுதி, கீழே கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டு, திருப்பதிக்கு ரயில் ஏறினேன். எம்.ஏ. பாஸ் செய்தேன். திரும்பிப் போனபோது கங்காதரம் கேடர் முடித்திருந்தான். கொஞ்ச நாளில் அவன் தோளில் நட்சத்திரம். எனக்கு அடுத்த கேடருக்குப் பெயர் வரவில்லை. போய்க் கேட்டால் கிளார்க் என் தாளை எடுத்துக் காட்டினான். உங்கள் கையெழுத்துதானே என்றான்.

அதற்குப் பிறகு ஓய்வு பெறும் வரைக்கும் நான் அவனை ஒருநாள்கூட சாப் என்று கூப்பிட்டதில்லை. சல்யூட் அடிக்க வேண்டிய இடத்தில் அடித்தேன், சட்டம். வாயால் சொல்ல வேண்டி வந்தால் இருமுவேன், வேறு பக்கம் பார்ப்பேன், யாரையாவது விட்டுச் சொல்லச் சொல்வேன். அவனுக்கு அது தெரியும். ஒருமுறையும் அதைக் குற்றமாக எழுதவில்லை. அதற்காகவும் அவன்மேல் எனக்குக் கோபம்.

இப்போது நான் பாங்க் வாசலில் துப்பாக்கியோடு உட்கார்ந்திருக்கிறேன். எம்.ஏ. சரித்திரம். மேனேஜர் பி.காம்., உன்னைவிட நாலு வயசு பெரியவன், "அங்கிள், அந்தச் சங்கிலியைக் கொஞ்சம் திறங்க" என்பான். ஓய்வு பெற்ற புதிதில் என் எம்.ஏ.வை வைத்து அதே பாங்கில் கிளார்க் பரீட்சை எழுதியிருக்கலாம். முன்னாள் ராணுவத்தினருக்கு இடம் இருந்தது. உன் அம்மா அப்ளிகேஷன் வாங்கி வந்து கொடுத்தாள். சின்னப் பிள்ளைகளோடு உட்கார்ந்து பரீட்சை எழுதுவதா என்று அதைத் தொடவே இல்லை. அதனால் படிப்பு ஒன்றுக்கும் உதவாது என்று நான் சொல்வதாக நினைக்காதே. என் படிப்பு எனக்கு இரண்டு கதவைத் திறந்து வைத்தது. இரண்டு இடத்திலும் உள்ளே போகாமல் வாசலில் நின்று, ஏன் யாரும் என்னைக் கூப்பிடவில்லை என்று கேட்டுக்கொண்டிருந்தவன் நான்.

அந்த ஒரு தாள்தான் என்னை இங்கே உட்கார வைத்தது என்பது எனக்குத் தெரியும். ஆனால் எம்.ஏ. முக்கியம், நான் செய்தது சரி, அடுத்தவன்தான் அயோக்கியன் என்று சொல்லிச் சொல்லியே இத்தனை வருஷம் நிமிர்ந்து நடந்தேன். நீ பி.எஸ்ஸி. இரண்டாம் வருஷத்தில் திருப்பதி காலேஜை விட்டுவிட்டு ஓடிப்போய் ஆள் எடுக்கும் மைதானத்தில் நின்றபோது எனக்கு வந்த கோபம் அதனால்தான். உன் கசம் பரேடுக்கு நான் வரவில்லை. பயிற்சி முடித்துக் கொடியின் எதிரில் நீ சத்தியம் செய்த நாள். டிக்கெட் கிடைக்கவில்லை என்றேன். டிக்கெட் என் சட்டைப் பையில் இருந்தது, உன் அம்மா துவைக்கப் போடும்போது அதை எடுத்தாள். அப்புறம் தபால் வழியில் டிகிரிக்குச் சேர்ந்தால்தான் உன்னோடு பேசுவேன் என்று உன்னைச் சேர வைத்தேன். இப்போது நீ கேடருக்குப் போய் நாயக் ஆகி, அடுத்த வருஷம் நிதானமாகப் பரீட்சையும் எழுதி டிகிரியும் வாங்கிவிட்டால், இரண்டும் நடக்கக்கூடிய காரியம்தான் என்று ஆகிவிடும். அன்றைக்கு எனக்கும் நடந்திருக்கும் என்று ஆகிவிடும். என் தாளைப் போலவே நீயும் ஒன்று எழுதிவிட்டால், நான் செய்தது பிழையில்லை என்று சொல்ல எனக்குத் துணைக்கு ஒரு ஆள் கிடைத்துவிடும். அந்த ஆளாக உன்னை ஆக்கப் பார்த்தேன். இதை ஒத்துக்கொள்ள எனக்கு நாலு நாள் ஆனது.

எழுத வைத்தது உன் அம்மா. நீ போனை வைத்ததும் அவள் ஒன்றும் கேட்கவில்லை. வியாழக்கிழமை முழுக்கக் கேட்கவில்லை. வெள்ளிக்கிழமை காலையில் நான் டியூட்டிக்குக் கிளம்பும்போது வாசலை மறித்துக்கொண்டு நின்றாள். "கடைசி சான்ஸுன்னு சொன்னீங்களே, நெஜந்தானா?" என்றாள். நெஜந்தான் என்றேன். "அப்ப காணிப்பாக்கம் வாங்க. பிள்ளையார்கிட்ட சொல்லிட்டு வந்துடலாம். அர மணி நேரம் பஸ்ஸு." நம் பக்கத்தில் அதற்கு என்ன அர்த்தம் என்று உனக்குத் தெரியும். பங்காளிச் சண்டையிலும் திருட்டுப் பஞ்சாயத்திலும் பேச்சு முற்றினால் கடைசியில் எவனாவது ஒருவன் காணிப்பாக்கம் வர்றியா என்று கேட்பான். அங்கே குளத்தில் முழுகி ஈரத்துணியோடு சாமி எதிரில் நின்று பொய்ச் சத்தியம் செய்ய இன்று வரைக்கும் எந்தத் திருடனுக்கும் தைரியம் வந்ததில்லை. முடியாது என்று சொன்னால் அங்கேயே பிடிபட்டுவிடுவேன். போனேன்.

வெள்ளிக்கிழமையானதால் கூட்டம். குளத்துப் படியில் குடியை விடுகிறேன் என்று சத்தியம் செய்ய ஒருவனைக் குடுபல்லியிலிருந்து அவன் மச்சான்கள் இரண்டு பேர் அழைத்து வந்திருந்தார்கள். "மூணு முழுக்கு போடுறா பாவா, முடிவா போடு" என்று ஒருவன் அவன் தலையை அமுக்கினான். அவன் எழுந்து மூக்கைச் சிந்திக்கொண்டு, "மச்சான், பீரு சேர்த்தியா இல்லியா?" என்று கேட்டான். சுற்றி நின்றவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். உன் அம்மா சிரிக்கவில்லை. துண்டைக் கையில் பிடித்துக்கொண்டு, "நீ இறங்கு" என்றாள். கல்யாணமாகி முப்பது வருஷத்தில் அவள் என்னை நீ என்று சொன்னது அன்றைக்குத்தான். முழங்கால் வரைக்கும் இறங்கினேன். அதற்கு மேல் கால் போகவில்லை. தண்ணீர் குளிராகக்கூட இல்லை. குடிகாரன் மூன்று முழுக்கும் போட்டு விபூதி பூசிக்கொண்டு போய்விட்டான். நான் அங்கேயே நின்றுகொண்டிருந்தேன்.

"பொய்யி," என்றேன். அவளுக்குக் கேட்டதா என்று தெரியவில்லை. அவள் படியில் உட்கார்ந்துகொண்டாள். "அப்ப பழசும் பொய்யா?" என்றாள். எந்தப் பழசு என்று நான் கேட்கவில்லை. "அந்தக் கங்காதரம் எனக்கு ஒருவாட்டி போன் பண்ணாரு. அந்தப் பரீட்சைக்கு வந்தப்ப, நீங்க ஸ்டேஷன்லேந்து வூட்டுக்கு வந்து சேர்றதுக்கு முன்னாடி. அக்கா, அவரத் திருப்பி அனுப்பிடுங்க, இன்னும் டைம் இருக்குதுன்னாரு. அந்த ஆளு உங்க பேர அடிக்கறவரா இருந்தா எனக்கு எதுக்குப் போன் பண்ணணும்னு அன்னிக்கே நெனச்சேன். உங்ககிட்ட கேக்கல. நீங்க அத வெச்சுத்தான் நடமாடிக்கினு இருந்தீங்க." அவ்வளவுதான் சொன்னாள். பதினெட்டு வருஷமாக அவளுக்குத் தெரிந்திருக்கிறது. பந்தியில் நான் அந்தக் கதையைச் சொன்ன ஒவ்வொரு தடவையும் பக்கத்தில் உட்கார்ந்து சாம்பார் ஊற்றியிருக்கிறாள்.

அங்கிருந்தே உனக்குப் போன் போட்டேன். நீ எடுக்கவில்லை. அவள் போனிலிருந்து போட்டேன். ஸ்விட்ச் ஆஃப். உன் கம்பெனியில் எனக்குத் தெரிந்தவர் ஒருவரும் இல்லை. நான் இருந்த, இப்போது நீ இருக்கிற ரெஜிமெண்டில் இன்னமும் யாரிடமும் நேராகப் பேசக்கூடிய ஒரே ஆள் திருப்பதியில் இருக்கிறான் என்பது எனக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும். சனிக்கிழமை காலை முதல் பஸ்ஸில் போனேன்.

கங்காதரம் சுபேதாராக ஓய்வு பெற்றுத் திருப்பதியில் வீடு கட்டிக் குடியிருக்கிறான். அவன் மனைவி கையை மேலே காட்டி, "பைன உன்னாரு" என்றாள். மாடிக்குப் போனால் ஆளைக் காணோம். சிமெண்ட் தண்ணீர்த் தொட்டிக்குள்ளிருந்து தேய்க்கிற சத்தம் வந்தது. தொட்டிக்குள் இறங்கிப் பாசி சுரண்டிக்கொண்டிருந்தான். மேல் விளிம்பு என் நெஞ்சு உயரம். "கங்காதரம்" என்று கூப்பிட்டேன். சத்தத்தில் கேட்கவில்லை. இன்னொரு தடவை கத்திக் கூப்பிட்டேன். கேட்கவில்லை. நின்றேன். திரும்பிப் போய்விடலாமா என்றுகூட நினைத்தேன், ரத்தினம், அதையும் மறைக்கவில்லை. அப்புறம், "சாப்" என்றேன். அவ்வளவு சத்தமாகக்கூடச் சொல்லவில்லை. தேய்க்கிற சத்தம் நின்றது.

தலை மட்டும் வெளியே வந்தது. முகமெல்லாம் பச்சை. என்னைப் பார்த்தான். "ஏமி பி.ஏ. சாப், வழி தவறி வந்துட்டியா?" என்றான். "எம்.ஏ." என்று திருத்தினேன். அந்த நிலையிலும் திருத்தினேன். அவன் சிரித்துத் தொட்டிக்குள் விழப் பார்த்தான்.

சொன்னேன். எல்லாவற்றையும் சொல்லவில்லை, உன் விஷயத்தை மட்டும் சொன்னேன். கை கழுவாமலே போனை எடுத்து, உன் கம்பெனி சுபேதாருக்குப் போட்டு, நான் கேட்கும்படி ஸ்பீக்கரில் வைத்தான். "நமஸ்தே சாப், சொல்லுங்க" என்று அந்தப் பக்கத்தில் குரல். கங்காதரத்தின் கீழ் ரெக்ரூட்டாக இருந்தவராம். உன் பெயரைச் சொன்னதும், "இன்னிக்குக் காலையிலதான் சாப் அன்வில்லிங் குடுத்தான். ஓட்டத்துல அவன்தான் மொதல். எனக்கே வயிறு எரிஞ்சது. டிராயர்ல வெச்சிருக்கேன், திங்கக்கெழம பத்து மணிக்கு அனுப்பணும்" என்றார். நான் குறுக்கே புகுந்து, "அதக் கிழிச்சுப் போட்டுடுங்க" என்றேன். "யாருங்க அது?" "அவன் அப்பா." "நீங்கதான் எழுதச் சொன்னீங்கன்னு சொன்னான். இப்ப கிழிக்கச் சொல்றீங்க. நாளைக்கு இன்னா சொல்வீங்களோ. அவனுக்கு இருபத்தெட்டு வயசுங்க. அவன் வந்து கேட்டா குடுக்கறேன்" என்றார்.

நான் கங்காதரத்தைப் பார்த்தேன். அவன் சொன்னால் அவர் கிழிப்பார். அவன் சொல்லவில்லை. போனை வைத்துவிட்டு, "உன்னோட தாள நான் கிழிச்சேன். நீ ரெண்டாவது எழுதின. கிழிச்சா ஆவாது. அந்தப் பையனே போய் வாங்கணும். நீ போய் அவன்கிட்ட நெஜத்த எழுது. எழுதத்தான் உனக்கு நல்லா வருமே" என்றான். காபி குடித்துவிட்டுப் போகச் சொன்னான். குடித்தேன். இன்னமும் எனக்கு அவனைப் பிடிக்கவில்லை. அந்தச் சிரிப்பு பிடிக்கவில்லை. அவன் சொன்னது சரி என்பதும் பிடிக்கவில்லை.

இனி நான் சொல்ல வேண்டியது கொஞ்சம்தான். டிகிரியை விட்டுவிடு என்று சொல்லவில்லை. முடி. ஒருநாள் நீ ஆபீசர் தேர்வுக்கு எழுத நினைத்தால் அது வேண்டும். வெளியே வந்தபின் வேலைக்கு வேண்டும், அப்போது சின்னப் பிள்ளைகளோடு உட்கார்ந்து பரீட்சை எழுத வெட்கப்படாதே. ஆனால் பட்டாளத்தில் மேலே அனுப்பும் நேரத்தில் உன் டிகிரியை யாரும் முதலில் பார்க்க மாட்டார்கள். கேடரில் என்ன செய்தாய், உன் பத்துப் பேரும் உன் பின்னால் வருவார்களா, பதிவேட்டில் வேண்டாம் என்று ஒரு தாள் இருக்கிறதா, இதைத்தான் பார்ப்பார்கள். அது அநியாயம் என்று நான் இத்தனை வருஷம் சொன்னேன். அநியாயமாகவே இருக்கட்டும். அப்படித்தான் நடக்கும் என்று தெரிந்துகொள். உன்னோடு இருக்கிற பத்தாவது படித்தவன் ஏதாவது சொன்னால் காது கொடுத்துக் கேள். அவன் வாயிலிருந்து வருகிறது என்பதற்காக அதைத் தள்ளாதே.

உன் ஹால் டிக்கெட் என்னிடம் இருக்கிறது. நீ தாளைத் திருப்பி வாங்கிவிட்டால், செவ்வாய்க்கிழமை அதைத் திருப்பதி சென்டரில் கொடுத்து, அடுத்த செஷனுக்கு மாற்ற என்ன செய்ய வேண்டும் என்று அந்த அம்மாவிடம் கேட்டுக்கொண்டு வருவேன். இந்தத் தடவை கேட்டதை அப்படியே உனக்குச் சொல்வேன். நீ தாளைத் திருப்பிக் கேட்காவிட்டாலும், லீவு போட்டு வந்து பரீட்சையே எழுதினாலும், ஸ்டேஷனுக்கு வந்து நிற்பேன். முகத்தில் முழிக்காதே என்று சொன்னதை மறந்துவிடு. முழிக்க வெட்கப்பட வேண்டியவன் நான்.

கடைசிப் படம் இந்தக் கடிதத்தில் சேர்ந்தது இல்லை. டிரங்குப் பெட்டியின் அடியில் இத்தனை வருஷம் வைத்திருந்த நகல். அன்றைக்கு நான் எழுதிய இரண்டாவது தாள். பெரிதாக்கிப் பார். நாலு வரிதான். ஹவில்தாராகிய நான், என் சொந்த விருப்பத்தின் பேரில், யாருடைய வற்புறுத்தலும் இல்லாமல் என்று ஆரம்பிக்கும். கீழே என் கையெழுத்து. நல்ல இங்கிலீஷ், ரத்தினம். எழுத்துப் பிழை ஒன்றுகூட இல்லை.

நாளை காலை பத்து மணி.

நைனா